இஞ்சிப் பாத்திக்குக் குடிபோன அரணைகள்

உதிர்ந்த இலைகளை ஒவ்வொன்றாகக் கையால் எடுத்து வாளியில் போட வேண்டும். அடியில் அரணை இருந்தால் சொல்ல வேண்டும். பிறகு அதே இலைகளை அதே இடத்தில் திரும்பப் பரப்ப வேண்டும். போன வருடம் கோடையில் நீலகிரியில் தேவாலா பக்கம் எனக்குக் கிடைத்த வேலை இதுதான். இதற்கும் ஆள் வைப்பார்களா என்று நீங்கள் கேட்கலாம். நானும் கேட்டேன். கேட்டுவிட்டு உடனே சேர்ந்துகொண்டேன், ஏனென்றால் வேலையோடு ஒரு அறையும் இருந்தது.

அந்த அறையைப் பற்றிச் சொல்ல வேண்டும். எஸ்டேட் லயத்தில், தொழிலாளர்களின் வரிசை வீடுகளில், கடைசி வீடு. கூரைத் தகரம் ஒழுகாது. தேவாலாவில் மழைக்காலத்தைக் கழித்தவர்களுக்கு இதன் மதிப்பு தெரியும். அங்கே மழை பிடித்தால் துணி காயாது, விறகு பற்றாது, செருப்பில் காளான் முளைக்கும். அதற்கு முந்தைய மழைக்காலத்தை ஊட்டி மார்க்கெட்டில் காரட் மூட்டைகளுக்கு நடுவே தூங்கிக் கழித்திருந்தேன். அதற்கும் முன்னால் குன்னூரில் ஒரு பேக்கரியின் அடுப்பு மூலையில். அது கதகதப்பான இடம்தான், ஆனால் பேக்கரியை மூடிவிட்டார்கள். எட்டாம் வகுப்போடு பள்ளிக்கூடத்திலிருந்து கிளம்பியவன், அதன்பின் எல்லா இடத்திலிருந்தும் கிளம்பிக்கொண்டே இருந்தேன். அரணை ஆளைக் கடிக்க வரும், வரும் வழியில் எதற்கு வந்தோம் என்பதை மறந்துவிட்டுத் திரும்பிப் போய்விடும் என்று எங்கள் பக்கம் சொல்வார்கள். என்னை வேலைக்கு எடுத்தபோது அரணைகளோடு எனக்கு ஒரு முன்பழக்கம் இருப்பது போலத்தான் தோன்றியது.

வேலை கொடுத்தது கோயம்புத்தூரிலிருந்து வந்த ஆராய்ச்சி மாணவி. வயதில் மிகவும் சின்னவர், ஆனாலும் நான் மேடம் என்றுதான் கூப்பிட்டேன். அவர் தேடியது வீட்டுச் சுவரோரம் வெயில் காயும் பெரிய அரணையை இல்லை. இது சோலைக்காட்டுக்குள் மட்டும் இருப்பது. விரல் நீளம்தான். பழுப்பு உடம்பு, வால் பக்கம் லேசான நீலம். வெயில் பிடிக்காது. மக்கிய இலைகளுக்கு நடுவே நடக்காது, நீந்தும். ஈரம் போனால் அதுவும் போய்விடும். கரையான், சின்னச் சிலந்தி என்று கிடைத்ததைத் தின்னும். கீழ் இமையில் கண்ணாடி போல ஒரு சில்லு உண்டு, கண்ணை மூடிக்கொண்டும் பார்க்கும். பள்ளிக்கூடத்தில் எனக்கு அப்படி ஒன்று இருந்திருந்தால் இன்னும் இரண்டு வகுப்பு படித்திருப்பேன்.

சோலை ஓரத்தில், விழுந்து மக்கிய ஒரு மரத்தைச் சுற்றி, அறை அளவு இடம் ஒன்று இருந்தது. அங்கே அரணைகள் நிறைய. மரத்தடி இலைக்குள் ஒருநாள் இரண்டு முட்டைகளையும் பார்த்தோம். மொச்சைப் பருப்பை விடச் சின்னவை. மேடம் மூச்சைப் பிடித்துக்கொண்டு இலையை மூடினார்.

மே மாதக் கடைசியில் அவர் கோயம்புத்தூரிலிருந்து போன் செய்தார். "ஏனுங்ணா, வியாழக்கிழமை எங்க கைடு சாரைக் கூட்டிட்டு வர்றனுங்க. அந்த மரத்தடிய அவரு ஒருக்கா பாத்துட்டாருன்னா மழை முடியற வரைக்கும் வேலை நடக்கும். இல்லீன்னா இந்த மாசத்தோட சரிங்க."

வேலை நின்றால் அறையும் போய்விடும். மழைக்கு இன்னும் சில நாட்கள்தான் இருந்தன.

நான் எஸ்டேட் லயத்தில் பிறந்தவன். பெரிய இடத்திலிருந்து ஆள் வருகிறார் என்றால் லயத்தில் என்ன நடக்கும் என்பது எனக்கு எழுத்து தெரிவதற்கு முன்பே தெரியும். வாசலைக் கூட்டுவார்கள். கால்வாயில் சேற்றை வாருவார்கள். பாதையோரக் கற்களுக்குச் சுண்ணாம்பு அடிப்பார்கள். யாரும் சொல்ல வேண்டியதில்லை. வருகிறவர் எதற்கு வருகிறார் என்று கேட்கவும் வேண்டியதில்லை. எனக்கும் யாரும் சொல்லவில்லை. புதன்கிழமை காலையில் நீளமான விளக்குமாறு ஒன்றைக் கட்டிக்கொண்டு அந்த இடத்தைக் கூட்டினேன்.

சுத்தமாகக் கூட்டினேன். வாழ்க்கையில் வேறு எந்த வேலையையும் அவ்வளவு நன்றாகச் செய்ததில்லை. பல வருட இலை, அடியில் கறுப்பாக, மெத்தை மாதிரி இருந்தது. எல்லாவற்றையும் வாரிக் குவித்துவிட்டு, செம்மண் தெரிய இரண்டாம் தடவையும் கூட்டினேன். பக்கத்து வீட்டு அக்கா விறகோடு அந்த வழியாக வந்தார்.

அவர் குடும்பம் சிலோன் தோட்டத்திலிருந்து வந்தது. தேயிலை பறிக்கப் போகிற நேரம் போக, லயத்துக்குப் பின்னால் கொஞ்சம் இஞ்சி போட்டிருந்தார். "என்னா தம்பி, தொர வாராரா?" என்றார்.

"ஆமாக்கா, கோயம்புத்தூர்லருந்து."

"அப்ப இந்தக் குப்பை ஒனக்கு வேணாமே? இஞ்சிக்கு மேல போட்டா நல்லா வரும்."

குப்பையை யாராவது எடுத்துப் போனால் போதும் என்றிருந்தது எனக்கு. சாக்குகளில் நானே அள்ளித் திணித்து, தலையில் வைத்துக் கொண்டுபோய் அவருடைய பாத்தியில் கொட்டினேன். திரும்பி வந்து, தேயிலை பேக்டரியில் மிஞ்சியிருந்த சுண்ணாம்பை வாங்கி, மக்கிய மரத்தைச் சுற்றிக் கற்களை அடுக்கி வெள்ளையடித்தேன். தள்ளி நின்று பார்த்தபோது ஏதோ சமாதி போலத்தான் இருந்தது. அப்போது அது அழகாகத் தெரிந்தது.

வியாழக்கிழமை ஜீப் வந்தது. மேடம் முதலில் இறங்கினார். நாலு அடி நடந்தவர் நின்றுவிட்டார்.

"ஏனுங்ணா, இங்கிருந்த எலையெல்லாம் எங்கீங்க?"

"கூட்டிட்டேன் மேடம்," என்றேன். பாராட்டை எதிர்பார்த்து நின்றேன் என்பதையும் சொல்லிவிடுகிறேன்.

அவர் என்னைத் திட்டவில்லை. மண்ணில் குந்தி உட்கார்ந்து, காய்ந்துபோன தரையை விரலால் தொட்டுப் பார்த்தார். அந்த விரலைப் பார்த்த பிறகுதான், ஒரு மாதமாக நான் ஒவ்வொரு இலையாக எடுத்து வைத்தது எதற்காக என்று மண்டையில் ஏறியது. அதுவரைக்கும் அது ஒரு வேலை, கூட்டுவது இன்னொரு வேலை என்றே இருந்திருக்கிறேன்.

சார் கற்களைச் சுற்றி ஒரு தடவை நடந்தார். "கல்யாணம் யாருக்குங்க?" என்றார். பிறகு மேடத்திடம், "சரி, கிளம்பலாமா? மழைக்கு முன்னாடி மலை எறங்கிரலாம்," என்றார்.

அவர்கள் ஜீப்பின் கதவைத் திறந்துவிட்டார்கள். நான் மனதுக்குள் காரட் மூட்டைகளை அடுக்கிக்கொண்டிருந்தேன். அப்போது லயத்துப் பக்கமிருந்து அக்கா வேகமாக வந்தார், கையில் களைக்கொத்து.

"தம்பி, நீ போட்ட குப்பையில பூரா அரணை. கைய வச்ச எடத்துலயெல்லாம் ஓடுது. நக்கிச்சுன்னா நான் போய்ச் சேந்துருவேன், என் புள்ளைங்களுக்கு நீயா சோறு போடுவ?"

"அரணைக்கு வெசம் கெடையாதுங்கக்கா," என்றார் மேடம்.

"நீங்க படிச்சவுக, ஒங்களுக்கு இருக்காது."

மேடம் அதற்குள் ஓட ஆரம்பித்திருந்தார். சாரும் பின்னால் போனார். பாத்தியின் ஓரத்தில் இலையை விலக்கியதும் நீல வால் ஒன்று நெளிந்து உள்ளே போனது. இன்னொன்றை நான் மறித்தேன். வால் மட்டும் என் கையில் துள்ளியது, ஆள் போய்விட்டான். சாக்குக்குள் திணிபட்டு, தலையில் குலுங்கி, கொட்டப்பட்டும் அவை பிழைத்துக் கிடந்தன. ஈரம் இருந்தது, இலை இருந்தது, அதற்குமேல் அவை கேட்பதில்லை. முட்டைகளில் ஒன்றும் அகப்பட்டது. அது நசுங்கி ஒடுங்கியிருந்தது. மேடம் அதை உள்ளங்கையில் வைத்துக்கொண்டு என்னைப் பார்க்காமல் இருந்தார்.

சார் அக்காவிடம் பேசினார். மழை முடியும்வரை இந்தப் பாத்தியை இப்படியே விட்டுவைக்க முடியுமா?

"இஞ்சிக்குக் களை யாருங்க எடுக்கறது? நான் இதுக்குள்ள கைய வைக்க மாட்டேன்."

"இவரு எடுப்பாருங்க," என்றார் சார். என்னைக் கேட்கவில்லை. கேட்கிற நிலையில் நானும் இல்லை.

அப்படித்தான் அறை என்னிடம் நின்றது. ஜூன், ஜூலை முழுக்க, பிளாஸ்டிக் தாளைத் தலையில் போட்டுக்கொண்டு, காலையில் அரணை பார்ப்பேன், அதன்பின் களை பிடுங்குவேன். விரல்களுக்கு நடுவே அரணை ஓடும்போது உடம்பு கூசும். அக்கா எட்ட நின்று, "அந்த ஓரத்துல ரெண்டு களை கெடக்கு, ஒன் சொந்தக்காரன்தான் மேல உக்காந்திருக்கான், பயப்படாம எடு," என்பார். ஜூலை கடைசியில் தீக்குச்சி நீளத்தில் ஒரு குட்டியைப் பார்த்தேன். அந்த இன்னொரு முட்டையிலிருந்து வந்ததா என்று கேட்டேன். சொல்ல முடியாதுங்ணா என்றார் மேடம். அதன் பிறகுதான் பழையபடி என்னோடு சிரித்துப் பேசினார்.

நான் கூட்டிய இடத்தில் இன்னும் சில இலைகள்தான் விழுந்திருக்கின்றன. அது பழைய மெத்தையாக எத்தனை வருடம் ஆகும் என்று யாரும் எனக்குச் சொல்லவில்லை, நானும் கேட்டுக்கொள்ளவில்லை. சுண்ணாம்பை மழை கழுவிவிட்டது.

ஆகஸ்டில் சார் மறுபடி வருவதாகப் போன் வந்தது. விளக்குமாற்றை எடுத்துப்போய் அக்காவிடம் கொடுத்து, சார் வந்து போகும்வரை உள்ளே வைத்துப் பூட்டச் சொன்னேன்.

"ஒன் வாசலையாச்சும் கூட்டிட்டுக் குடுக்கலாம்ல?" என்றார்.

"வேண்டாங்கக்கா. கையில எடுத்தா நிறுத்தத் தெரியாது."