விஜயாவுக்கு ஒரு நிமிட மௌனம்

எழுபதுகளில் பெங்கால் பெண்கள் அணிக்கு விக்கெட் கீப்பராக நின்றவர் விஜயா. அப்பா ஸ்ரீனிவாசராகவனுக்குக் கிடர்பூர் துறைமுகத்தில் உத்தியோகம். குவார்ட்டர்ஸ் பையன்களோடு ஆடிப் பழகியவர், பெண்கள் கிரிக்கெட் என்றால் ஜனங்கள் சிரிக்க வந்த காலத்தில், ரிசர்வேஷன் இல்லாத ரயிலில் கிட் பைமேல் உட்கார்ந்து ஊர் ஊராகப் போய் ஆடினார். கல்யாணத்தோடு அது நின்றது. கணவர் பட்டாபியின் பேங்க் மாற்றல்களோடு எங்கெங்கோ இருந்துவிட்டு, அவர் போன பிறகு மகள் மதுவந்தியோடு பழைய ஊருக்கே திரும்பி, லேக் மார்க்கெட் பக்கம் ஒரு ஃபிளாட்டில் குடியேறினார். பழைய தோழிகளைத் தேடவில்லை. யாருக்கு ஞாபகம் இருக்கப்போகிறது?

போன குளிர்காலத்தில் ஊர் நடுவே இருக்கும் மைதான் திடலில் பெண்கள் கிரிக்கெட் போட்டி ஒன்றின் இறுதி ஆட்டம் நடப்பதாக மதுவந்தி கேள்விப்பட்டாள். இருவரும் காளிகாட்டில் மெட்ரோ ஏறிப் போனார்கள்.

ஆட்டம் தொடங்குமுன் மைக்கில் எல்லாரையும் எழுந்து நிற்கச் சொன்னார்கள். மறைந்த வீராங்கனை ஒருவருக்கு மௌன அஞ்சலி. விஜயாவும் எழுந்து தலை குனிந்தார்.

"பிஜோயா ஸ்ரீநிபாஸ்ராகபன்" என்றது மைக்.

விஜயா தலையை நிமிர்த்தினார். வங்காளிகள் அவரை அப்படித்தான் கூப்பிடுவார்கள்.

மைக் தொடர்ந்தது. விரல் ஒடிந்ததை யாரிடமும் சொல்லாமல் நாள் முழுக்க கீப்பிங் செய்தவர். அவரைப் பார்த்துத்தான் இந்த ஊரில் பெண்கள் க்ளவுஸ் மாட்டினார்கள். இன்றைய கோப்பைக்கு அவர் பெயரையே வைத்திருக்கிறோம்.

"அம்மா, தாத்தா பேரைச் சொல்றா. உன்னையா சொல்றா?" மதுவந்தி காதோரம் கிசுகிசுத்தாள்.

"என்னைத்தான்."

மைதானம் முழுக்க அசையாமல் நின்றது. விஜயாவுக்கு உட்காரத் தோன்றவில்லை, செத்தவளுக்காக எல்லாரும் நிற்கும்போது தான் மட்டும் எப்படி உட்காருவது? அந்த ஒரு நிமிஷமும் தனக்காகத் தானே நின்றார்.

"கெளம்பிடலாம்டி" என்றார், முடிந்ததும்.

"பைத்தியமா உனக்கு? வா என்னோட!" மதுவந்தி கையைப் பிடித்து மேடைக்கே இழுத்துப் போனாள்.

மேடையில் வெள்ளைப் புடவையில் கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தவர் மஞ்சுஸ்ரீ, அந்தக் காலத்து கேப்டன். நிமிர்ந்து பார்த்தவர் கையிலிருந்த தண்ணீர் பாட்டில் நழுவியது. அருகே வந்து விஜயாவின் வலக்கையைப் பிடித்து, கோணலாக ஒட்டியிருந்த விரலைத் தடவிப் பார்த்தார். பிறகு முதுகில் ஓங்கி ஒன்று வைத்தார்.

"பாவி! இருக்கியாடி நீ?" என்று வங்காள மொழியில் அலறினார். "உனக்காக மூணு நாள் சாப்பிடலை நான்!"

சென்னையில் வேறொரு விஜயா இறந்திருக்கிறார். அந்தச் செய்தி பழைய வீராங்கனைகளின் வாட்ஸ்அப் குழுவில் இவர் மரணமாக மாறிவிட்டது. அமைப்பாளர்கள் வெலவெலத்துப்போய் மாறி மாறி மன்னிப்புக் கேட்டார்கள்.

விஜயா அதைக் கேட்டதாகவே தெரியவில்லை. "அந்த விரல் விஷயம் உனக்கு எப்படித் தெரியும்? நான் யார்கிட்டேயும் சொல்லலையே" என்றார்.

"பந்து பிடிக்கறப்போ உன் மூஞ்சியைப் பார்த்தேன். டீமுக்கே தெரியும்."

விஜயா நாற்காலியில் உட்கார்ந்தார். தான் செத்துப்போனதாகக் கேட்டபோது வராத அழுகை அப்போதுதான் வந்தது.

மாலையில் கோப்பையை அவரே கொடுத்தார். "நினைவுக் கோப்பை" என்று பொறித்திருந்ததைப் பார்த்து ஜெயித்த பெண்கள் வாங்கத் தயங்கினார்கள். "பிடிங்கோ, கனக்கறது" என்றார் விஜயா.

இந்த வருஷம் கோப்பையிலிருந்து "நினைவு" என்ற வார்த்தையை எடுத்துவிட்டார்கள். விஜயாவும் மஞ்சுஸ்ரீயும் ஒரே டாக்ஸியில், ஏதோ பழைய ரன் அவுட்டுக்காகச் சண்டை போட்டபடி, இறுதி ஆட்டத்துக்குத் தாமதமாக வந்து சேர்ந்தார்கள்.