சித்தி பார்த்த மிக் இருபத்தேழு

எங்கள் வீட்டில் ஜெர்மன் மொழிக்குப் பொறுப்பு நான்தான். கொலோனில் பிறந்தவள் என்பதால், ஒன்பது வயதிலேயே வருகிற கடிதங்களையெல்லாம் சத்தமாக வாசித்துத் தமிழாக்கி, எது பயப்பட வேண்டிய கடிதம், எது குப்பையில் போட வேண்டிய கடிதம் என்று அம்மாவுக்கும் அப்பாவுக்கும் தீர்ப்பும் சொல்லிவிடுவேன். அந்தப் பதவியால் எனக்குத் தலைக்கனம் கொஞ்சம் கூடித்தான் இருந்தது.

தலைக்கனத்துக்கு இன்னொரு காரணம் போர் விமானங்கள். வகுப்புப் பையன்கள் இடைவேளையில் விளையாடும் சீட்டுக்கட்டில் ஒவ்வொரு சீட்டிலும் ஒரு விமானத்தின் படம், அதன் வேகம், இறக்கையின் நீளம் எல்லாம் அச்சிட்டிருக்கும். யாருடைய எண் பெரிதோ அவருக்கே மற்றவரின் சீட்டு. ரஷ்யாவின் யாக் பயிற்சி விமானம் கையில் வந்தால் தோல்வி நிச்சயம். மிக் வந்தால் கொண்டாட்டம். கட்டு முழுவதையும் மனப்பாடம் செய்து பையன்களைக் கண்கலங்க வைத்திருக்கிறேன்.

அந்த வருடம்தான் அம்மாவின் தங்கை, என் சித்தி, இலங்கையில் போர் நடந்துகொண்டிருந்த வன்னியிலிருந்து எப்படியோ தப்பி எங்களிடம் வந்து சேர்ந்தார். அவருடைய நாலு வயது மகன் அவரோடு வரவில்லை. ஏன் என்று எனக்கு யாரும் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை. சித்தி இந்த நாட்டில் இருப்பதற்கு அனுமதி வேண்டும்; அதற்கு அங்கே நடந்ததை எழுதிக் கொடுக்க வேண்டும். அகதிகளுக்கு உதவும் ஒரு ஜெர்மன் பெண்மணி எழுதித் தர ஒப்புக்கொண்டார். ஆனால் அன்று மொழிபெயர்க்க வரவேண்டியவர் வரவில்லை. அடுத்த டெர்மினுக்கு, அதாவது அடுத்த சந்திப்புக்கு, ஒரு மாதம் காத்திருக்க வேண்டும் என்றார்கள். அப்பா வேலையில் இருந்தார். அம்மாவின் ஜெர்மன் மரக்கறிக் கடையோடு நின்றுவிடும். ஆகவே சித்தியோடு நான் போனேன்.

சித்தி மேசையைப் பார்த்தபடி சொன்னார்.

"காலமை கிபிர் வந்தது. நான் பங்கருக்குள்ள இறங்கீட்டன். பிள்ளை பின்னால ஓடி வந்துகொண்டிருந்தவன். இறக்கையை ஒடுக்கிக்கொண்டு ஒருக்காக் கீழ பதிஞ்சுது. அவ்வளவுதான்."

நான் அங்கேயே மறித்தேன். "கிபிருக்கு இறக்கை அசையாது, சித்தி. அது இஸ்ரேல் பிளேன். இறக்கையை ஒடுக்கினது எண்டால் அது மிக் இருபத்தேழு. ரஷ்யா."

வன்னியில் குண்டு போட வந்த விமானங்களையெல்லாம் சனங்கள் கிபிர் என்றுதான் சொன்னார்கள் என்பது எனக்குத் தெரியாது. பதுங்குகுழிக்கு ஓடுகிறவர்கள் சீட்டுக்கட்டைப் புரட்டிப் பார்த்துவிட்டா ஓடுவார்கள்? சித்தி என்னைப் பார்த்து, "ஏதோ ஒண்டு. பிள்ளைக்குத் தெரிஞ்ச மாதிரிச் சொல்லுங்கோ" என்றார்.

குண்டு போட்டது ரஷ்யத் தயாரிப்பான மிக் 27 என்று அந்தப் பெண்மணி எழுதினார். எழுத்துப்பிழை பார்த்துக் கொடுத்தவளும் நானே. கெட்டிக்காரி என்று பாராட்டி எனக்கொரு சாக்லேட் தந்தார். டிராமில் வரும்போது அதில் பாதியைச் சித்திக்கு நீட்டினேன். வேண்டாமென்று தலையாட்டினார்.

சில மாதங்கள் கழித்துச் சித்தியை அகதி அலுவலகத்துக்கு அழைத்து விசாரித்தார்கள். அங்கே அரசாங்கமே ஒரு மொழிபெயர்ப்பாளரை வைத்திருந்தது. முடிவு வந்தபோது அதோடு விசாரணைப் பதிவும் வந்தது. வழக்கம்போல் நான்தான் வாசித்தேன். வந்தது எந்த விமானம் என்று கேட்டிருக்கிறார்கள். கிபிர் என்று சித்தி சொல்லியிருக்கிறார். எழுதிக் கொடுத்த கடிதத்தில் ரஷ்ய விமானம் என்றிருக்கிறதே என்றதற்கு, அந்தப் பெயரெல்லாம் தனக்குத் தெரியாது என்றிருக்கிறார். அப்படியானால் அதை எழுதச் சொன்னது யார்? அதற்கும் தெரியாது என்பதே பதில். முன்னுக்குப் பின் முரணாகப் பேசுகிறார், யாரோ சொல்லிக் கொடுத்த கதை போல் இருக்கிறது, நம்ப முடியாது, ஆகவே விண்ணப்பம் நிராகரிக்கப்படுகிறது.

மேல்முறையீடும் தோற்றது. அடுத்த வருடம் சித்தியைத் திருப்பி அனுப்பிவிட்டார்கள். போய் இரண்டு வருடத்தில் அவர் இறந்துபோனார். எப்படி என்று அம்மா இன்றுவரை முழுதாகச் சொன்னதில்லை. அந்தக் கடிதத்தைப் பற்றி வீட்டில் யாரும் என்னை ஒரு வார்த்தை குறை சொன்னதுமில்லை. அதைத்தான் என்னால் தாங்க முடியவில்லை. யாராவது ஒருமுறை வாய்விட்டுத் திட்டியிருக்கலாம்.

நிராகரிப்புக் கடிதத்தை வாசித்து முடித்த அன்று அம்மா அழுதார். அப்பா வேலைச் சட்டையைக்கூடக் கழற்றாமல் உட்கார்ந்திருந்தார். சித்தி மட்டும், "பிள்ளை வடிவா வாசிக்கிறாள்" என்றார். நானோ இரண்டு நாள் அவரோடு முகம் கொடுத்துப் பேசவில்லை. மிக் இருபத்தேழைக் கண்டுபிடித்துக் கொடுத்தவள் நான். யார் சொன்னது என்று அத்தனை பெரிய அதிகாரி கேட்டும் என் பெயரைச் சொல்லாமல் விட்டுவிட்டாரே என்று எனக்கு அவ்வளவு கோபம்.