ஏழு படி, ஆறு படி, நான்கு படி

“டேக் 1: பின்னால் ஏழு படிகள். டேக் 2: ஆறு. டேக் 3: நான்கு.” ஒரு வெள்ளிக்கிழமை காலை, சேரன்மகாதேவி ஆற்றுமணலில் நின்று நான் எழுதிய குறிப்பு இது. கையெழுத்தில் நடுக்கமே இல்லை. 

என் மனைவி ஆவணப்படம் எடுப்பவள்; திரையில் தோன்றிப் பேசுபவளும் அவளே. உள்ளூர் கேபிளில் செய்தி வாசித்துத் தொடங்கியவள். பிறகு சமையல், தேர்தல் விவாதம், நீர்ப்பறவைகள், பிள்ளைகளுக்கு வினாடி வினா. எதையும் முடியாதென்று சொன்னதில்லை. ஒவ்வொன்றும் ஒளிபரப்பான தேதியை எழுதி வைத்திருக்கிறேன். விடுப்பு கிடைத்தால் உடன் போய், ஒவ்வொரு டேக்கிலும் பின்னணியில் என்ன தெரிகிறது என்று குறிப்பும் எழுதுவேன்.

அன்று ஆற்றைப் பற்றிய படம். முழங்காலளவு நீரில் நடந்து, நடுவிலிருந்த பாறைமேல் ஏறி நின்றாள். அவளுக்குப் பின்னால் எதிர்க்கரைப் படித்துறை. மூன்றாவது டேக் முடிந்ததும் கேமராக்காரர் உதட்டைப் பிதுக்கினார்.

“அக்கா, பின்னால படி கொறையுது. மொத டேக்கோட ஒட்டாது.”

“படி எங்கயும் நடந்து போவாது தம்பி. நல்லாப் பாருங்க.”

“அண்ணாச்சி நோட்டுலயும் அப்படித்தான் இருக்கு.”

“தாலி கட்டுன நிமிசத்தையே எழுதி வச்ச மனுசன். அப்ப சரியாத்தான் இருக்கும்.”

சிரித்தோம். படித்துறை தெரியாதபடி அவளை இடப்பக்கம் நகரச் சொன்னார். நகர்ந்தாள். நான் ‘டேக் 4’ என்று எழுதினேன். தண்ணீர் ஏறுகிறது என்று மூவரில் ஒருவருக்கும் தோன்றவில்லை. எங்களுக்கு அது காட்சி ஒட்டாத குறை மட்டுமே.

எதிர்க்கரையில் குளித்துக்கொண்டிருந்தவர்தான் கத்தினார். “ஆத்துல வெள்ளம் வருது வே! தண்ணி செவந்துட்டு, கண்ணு தெரியலியா? அந்தம்மாவ ஏறச் சொல்லும்!”

குனிந்தேன். மணலில் கழற்றி வைத்த என் செருப்பு மிதந்து போய்க்கொண்டிருந்தது. அவளைக் கூப்பிட்டுக் கையை ஆட்டினேன். அவள் என் பக்கம் உள்ளங்கையைக் காட்டினாள், பொறுங்கள் என்பதுபோல. பேச்சை நிறுத்தவில்லை. நீந்தத் தெரியாத நான் இடுப்பளவு இறங்கிவிட்டேன். காலடியில் மணல் நழுவியது.

“அங்கன போவாதீங்க அண்ணாச்சி!” கேமராக்காரர் என் சட்டையைப் பிடித்து இழுத்தார். அதற்குள் எதிர்க்கரைக்காரர் நீந்தி வந்து, அவள் தோளைப் பற்றிப் படித்துறைக்கு இழுத்துப் போனார். பாறை மறைந்தது.

பாலத்தின் வழியாகச் சுற்றி அவளிடம் போய்ச் சேர்ந்தபோது, துண்டைப் போர்த்திக்கொண்டு நடுங்கியபடி உட்கார்ந்திருந்தாள். வீடு வரை நான் கையை விடவில்லை.

மறுநாள் டேக் 4-ஐப் போட்டுப் பார்த்தேன். அந்த மனிதர் கத்துவதற்கு முன்பே அவள் ஒருமுறை குனிந்து காலைப் பார்க்கிறாள். பாதம் நனைந்திருக்கிறது. நிமிர்ந்து, பேச்சைத் தொடர்கிறாள்.

குனிந்து தண்ணீரைப் பார்த்தாயே என்று கேட்டேன். “நான் எங்க பாத்தேன்?” என்றாள். ஒரு வாரம் கழித்து மறுபடி கேட்டபோது, “ரெண்டு வரிதானங்க பாக்கி இருந்துச்சு” என்றாள்.

அடுத்த படம் கடலில். படகுக்குச் சொல்லியாகிவிட்டது. தண்ணீர் ஏறுவது தெரிந்தே அன்று நின்றாளா என்பதை இதுவரை என்னால் உறுதி செய்ய முடியவில்லை.