சகாயம் அக்காவின் குளிர்ந்த கை

மதுக்கரையில் எங்கள் தெருவுக்குக் குடிவந்து பத்து வருடம் வரைக்கும் சகாயம் அக்காவின் பெயர் பலருக்குத் தெரியாது. சிமெண்ட் கம்பெனியில் வேலை பார்த்த ஆரோக்கியதாஸ் அண்ணனின் மனைவி, அவ்வளவுதான். "தாஸ் ஊட்டம்மா" என்பார்கள். யாராவது கூப்பிட்டால் திரும்பிப் பார்ப்பார், சிரிப்பார், போய்விடுவார்.

ஒரு கிறிஸ்துமசுக்கு அக்காவே எங்கள் வீட்டுக்குப் பலகாரத் தட்டு கொண்டுவந்தார். முறுக்கையும் அதிரசத்தையும் எதிர்பார்த்துத் துணியை விலக்கினேன். உள்ளங்கை அகலத்தில், மூடி போட்ட கிண்ணம் மாதிரி, பொன்னிறமாக நான்கு இருந்தன.

"என்னதுங்க்கா இது?"

"பைங்க, பெமினா கண்ணு. மட்டன் பை."

பை என்றால் எனக்குத் தெரிந்தது கறிக்கடைக்கு எடுத்துப்போகிற மஞ்சப்பைதான். நான் முழித்ததைப் பார்த்து அக்கா வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார். ஒன்றைக் கடித்தேன். மேலோடு நாக்கில் பட்டதும் மணல் மணலாக உதிர்ந்தது. உள்ளே மிளகு தூக்கலாகக் கொத்துக்கறி. மீதி மூன்றையும் வீட்டில் யாருக்கும் காட்டாமல் நானே தின்றேன். வெட்கப்பட ஒன்றுமில்லை, கிடைத்திருந்தால் நீங்களும் அதைத்தான் செய்திருப்பீர்கள்.

கல்யாணத்துக்கு முன்பு அக்கா வால்பாறையில் ஓர் எஸ்டேட் பங்களாவில் சமையல் வேலை பார்த்தவர். அங்கே பழகிய வேலை இது. மைதாவில் குளிர்ந்த வெண்ணெயைத் துண்டுதுண்டாகப் போட்டு, விரல் நுனியால் மட்டும் புட்டு மாவு பதத்துக்கு உதிர்க்க வேண்டும். பிறகு ஐஸ் தண்ணீரைக் கொஞ்சமாகத் தெளித்துக் கூட்டிச் சேர்க்க வேண்டும். பிசையவே கூடாது. வெண்ணெய் உருகிவிட்டால் போச்சு, மேலோடு உதிராது, மரக்கட்டையாகிவிடும். நானும் ஒருநாள் செய்து பார்த்தேன். பரோட்டா மாவுக்குக் காட்டும் வீரத்தை அதனிடம் காட்டினேன். வெந்து வந்ததை எங்கள் நாய்கூட முகர்ந்து பார்த்துவிட்டு நகர்ந்துவிட்டது.

அக்காவுக்கு மட்டும் எப்படி வந்தது என்றால், அவர் கை அப்படி. சித்திரை வெயிலிலும் தொட்டால் சில்லென்று இருக்கும். "வால்பாறைக் குளிரக் கையிலயே கொண்டாந்துட்டீங்களாக்கா?" என்று கேலி செய்வேன். அந்தக் கையைப் பற்றி ஊரெல்லாம் சொன்னதும் நான்தான். பங்குக் கோவிலில், நான் கிளார்க்காக இருக்கிற பள்ளிக்கூடத்தில், எல்லாரிடமும் சொன்னேன். சனிக்கிழமைதோறும் ஆர்டர் வந்தது. தாஸ் ஊட்டம்மா போய், தெருவுக்கே அவர் 'பை அக்கா' ஆனார். பூசை முடிந்ததும் பெண்கள் அவரைத் தேடி வந்து பேசினார்கள். அக்கா நிமிர்ந்து நடந்ததை அப்போதுதான் பார்த்தேன்.

அந்த வருடங்களில் அக்கா மே மாதத்திலும் ஸ்வெட்டர் போட்டுக்கொண்டார். நாங்கள் சிரித்தோம். முகம் உப்பியது. "பூசினாப்ல ஆயிட்டீங்க, லட்சணமா இருக்குது" என்றோம். குரல் கனத்தது, பேச்சு மெதுவானது. பெரிய மனுஷி ஆகிவிட்டார் என்றோம். வீட்டு வாசலில் உட்கார்ந்தபடியே தூங்கிவிடுவார். உழைத்த அலுப்பு என்றோம். இப்படி எல்லாவற்றுக்கும் எங்களிடம் ஒரு நல்ல பெயர் இருந்தது.

ஆர்டர் கொடுக்க வந்த ஜாஹிதா என்ற நர்ஸ்தான் அக்காவின் கையைப் பிடித்துப் பார்த்துவிட்டு, "எத்தனை நாளா இப்படி இருக்குது?" என்று கேட்டாள். இத்தனை வருடம் அதே கையைப் பிடித்த எனக்கு அந்தக் கேள்வி தோன்றவில்லை. தைராய்டு ஏறக்குறைய நின்றேபோயிருக்கிறது என்றார் டாக்டர். ஆயுள் முழுக்கத் தினமும் காலையில் வெறும் வயிற்றில் ஒரு மாத்திரை.

நாலு மாதத்தில் ஆள் மாறிவிட்டார். முக வீக்கம் வடிந்தது, குரல் தெளிந்தது, ஸ்வெட்டர் பெட்டிக்குள் போனது. கையும் சூடானது.

அந்தக் கிறிஸ்துமசுக்கு வந்த பையைக் கடித்தேன். பல்லில் இழுபட்டது. எனக்கு மனதில் பட்டதைப் பட்டென்று சொல்லும் பழக்கம். அதில் ஒரு பெருமை வேறு.

"ஏனுங்க்கா, பழைய மாதிரி இல்லீங்களே. கோவில்லயும் பேசிக்கறாங்க, பை அக்காவுக்குக் கைப்பக்குவம் போயிருச்சுன்னு."

அக்கா கையை முந்தானையில் துடைத்துக்கொண்டார்.

"கை சூடாயிருச்சு கண்ணு. தொட்டாலே வெண்ணெய் உருகிப்போடுது. ஐஸ்ல கைய வெச்சுப் பாத்தேன். ஈரம் பட்டு மாவு கெட்டிச்சுப்போச்சு."

"என்னமோ பண்ணுங்க்கா. மே மாசம் ஜேக்குக்குப் புதுநன்மை. எனக்கு அறுவது பை வேணும், பழைய பை."

"செஞ்சுபோடறேன் கண்ணு" என்றார்.

செய்தார். மே மாதம் என் மகன் ஜேக் கோவிலில் முதன்முதலாக நற்கருணை வாங்கிய புதுநன்மை விருந்தில் அறுபது பையும் பந்தி முடியுமுன் காலியாயின. உதட்டில் வைத்ததும் உதிர்ந்தது. கூட்டத்துக்கு நடுவே ஓடிப்போய் அக்காவின் கையைப் பிடித்தேன். சில்லென்று இருந்தது. எனக்கு அவ்வளவு சந்தோசம்.

"இப்பத்தானுங்க்கா உங்க பழைய கை வந்திருக்குது" என்று எல்லாரும் கேட்கச் சொன்னேன். அக்கா ஸ்வெட்டர் போட்டிருந்தார். அதையும் பார்த்தேன். பார்த்தேன் என்பதைத்தான் என்னால் மன்னிக்க முடியவில்லை.

ஆடிச் சாரலில் அக்காவுக்குச் சளி பிடித்தது. மூன்றாம் நாள் காலையில் எழுப்பினால் எழவில்லை. ஆஸ்பத்திரியில், மாத்திரையை எப்போது நிறுத்தினார் என்று டாக்டர் கேட்டாராம். நிறுத்தவே இல்லையே என்று அண்ணன் சத்தியம் செய்திருக்கிறார். இரண்டு நாள் இருந்தார், அவ்வளவுதான்.

முப்பதாம் நாள் பூசை முடிந்த மாலை, ஆரோக்கியதாஸ் அண்ணன் எங்கள் வீட்டுக்கு வந்தார். கையில் ஒரு கவர். அதைக் கவிழ்த்தார். மாத்திரை அட்டைகள், ஒன்றுகூடப் பிரிக்காதவை.

"மாசாமாசம் நாந்தானுங்க வாங்கியாந்து குடுத்தேன். தை மாசத்துல இருந்து அப்படியே துணிக்கடியில வெச்சிருக்கறா. ஏனுங்க அம்மணி, அவ இப்படிப் பண்ணினா? உங்ககிட்ட ஏதாச்சும் சொன்னாளுங்களா?"

கிறிஸ்துமஸ் வாரத்தில் நான் பழைய பை வேண்டும் என்று சொன்னேன். தையில் அக்கா நிறுத்தியிருக்கிறார். எனக்குத் தெரிந்துவிட்டது. சொல்லிவிட வேண்டும் என்று வாயைத் திறந்தேன். பட்டென்று பேசுகிறவள் நான்.

"இல்லீங்ண்ணா, ஒண்ணும் சொல்லலீங்க" என்றேன்.

அண்ணன் அட்டைகளை ஒவ்வொன்றாகக் கவரில் போட்டார். போகும்போது நின்றார்.

"புதுநன்மை அன்னிக்கு அத்தன பேருக்கு முன்னால நீங்க அவளப் பத்திச் சொன்னீங்களாமா. ஊட்டுக்கு வந்து நாலு தடவ சொன்னாளுங்க. 'பெமினாவே சொல்லிப்போட்டா, இனி எனக்கென்ன'ன்னு சொல்லிச் சொல்லிச் சிரிச்சா. கட்டிக்கிட்டு வந்த நாள்ல இருந்து அவ அப்படிச் சிரிச்சு நான் பாத்ததில்லீங்க. உங்களுக்குக் கோடிப் புண்ணியமுங்க அம்மணி."

இரண்டு கையையும் கூப்பி என்னைக் கும்பிட்டார்.

நானும் பதிலுக்குக் கும்பிட்டேன்.