பிள்ளைக்கே தெரியாத பெயர்

எங்கள் பக்கம் தாத்தா பெயரைப் பேரனுக்கு வைப்பார்கள். என் மகனுக்கும் என் மாமனார் பெயர்தான், பெரியகருப்பன். காவல் சாமியின் பெயர். ஆனால் மாமனார் பெயரை மருமகள் வாயால் சொல்லக் கூடாதாம். அதனால் வீட்டில் எல்லோருக்கும் அவன் அப்பு.

போன மாதம் மாட்டுத்தாவணி பேருந்து நிலையக் கூட்டத்தில் நான்கு வயதுப் பிள்ளையைத் தொலைத்துவிட்டேன். அறிவிப்பு செய்பவரிடம் ஓடி, முதல் முறையாக அந்தப் பெயரை வாய்விட்டுச் சொன்னேன். மைக்கில் திரும்பத் திரும்பக் கூப்பிட்டார். பிள்ளை வரவில்லை. எனக்கு உயிரே போய்விட்டது.

"அண்ணே, அப்புன்னு கூப்பிடுங்கண்ணே!" என்று கத்தினேன்.

கொஞ்ச நேரத்தில் ஒரு பூக்கார அக்கா அவனைத் தூக்கி வந்தார். "உன்னையத்தான் கூப்பிடுறாகளான்னு அப்பவே கேட்டேன். இல்ல, நான் அப்புங்கிறான். பெத்த பிள்ளைக்குப் பேரைச் சொல்லிக் குடுக்க மாட்டியா?" என்று ஏசினார்.

வீட்டில் மாமியார், "அம்புட்டுக் கூட்டத்துல மாமனார் பேரைச் சொன்னியா?" என்றார்.

"பிள்ளை தொலைஞ்சது பெருசில்ல, பேரைச் சொன்னதுதான் பெருசா அத்தை?" என்று கேட்டுவிட்டேன்.

இப்போது காலையில் எழுப்பும்போதே முழுப் பெயரைச் சொல்லித்தான் கூப்பிடுகிறேன். மாமியார் முகத்தைத் திருப்பிக்கொள்கிறார். திருப்பிக்கொள்ளட்டும். என் பிள்ளை திரும்பிப் பார்க்கிறான்.