நேராக ஒன்று, இடப்பக்கம் ஒன்று, வலப்பக்கம் ஒன்று

திருகோணமலைக்குப் படம் எடுக்க வருகிறவர்களுக்கு ஊர் முகங்களைத் தேடிக் கொடுப்பது என் தொழில். துறைமுகப் பக்கம் எடுத்த சில படங்களில், கூட்டத்தில் நிற்கிற பாதிப் பேரை நான்தான் கூட்டிக்கொண்டு போனேன்.

மூன்று வருடங்களுக்கு முன் கொழும்பிலிருந்து ஒருவர் தொலைபேசியில் பேசினார். புதுப்படமாம், நாற்பது வயது தாண்டிய கரையோரப் பெண்கள் இருபது பேர் வேண்டுமாம். ஒவ்வொருவரையும் நேராக, இடப்பக்கம், வலப்பக்கம் என்று மூன்று படம் எடுத்து அனுப்பச் சொன்னார். எல்லோரும் கேட்பதுதான். சல்லியிலும் நிலாவெளியிலும் பதினேழு பேரை எடுத்து அனுப்பிவிட்டு சாம்பல்தீவுக்குப் போனேன்.

அங்கே வீட்டு வாசலில் வடை சுட்டு விற்கும் ஒரு பெண்ணின் முகம் எனக்குப் பிடித்துவிட்டது. நான் விளக்கி முடிக்கும்வரை வடையைப் புரட்டிக்கொண்டே கேட்டார். மூன்று படமும் எடுக்க விட்டார். பிறகு அடுப்பை அணைத்தார்.

"உப்பிடித்தான் சண்டை நேரம் ஆமிக்காரரும் எடுத்தவங்கள், பிள்ளை. பள்ளிக்கூடத்தில இருத்திவைச்சு மூண்டு பக்கமும். அடுத்த கிழமை என்ர மனுசனைக் கூட்டிக்கொண்டு போனவங்கள்."

எழுந்து வந்து என் கையிலிருந்த போனைப் பார்த்தார்.

"இது ஆரிட்டப் போகுது எண்டு உங்களுக்குத் தெரியுமோ?"

"ஓம், படக் கொம்பனிக்குத்தான்," என்றேன். கொழும்பிலிருந்து பேசிய அந்த மனிதரை நான் ஒரு நாளும் பார்த்ததில்லை என்பது அப்போதுதான் உறைத்தது.

அன்று பின்னேரமே அவரிடமிருந்து இன்னொரு செய்தி வந்தது. அடையாள அட்டைப் பிரதி வேண்டும், பிள்ளைகளில் யார் வெளிநாட்டில் என்ற விபரமும் வேண்டும். நான் அழைத்தேன்.

"பிள்ளையள் எங்க இருக்கினம் எண்டது படத்துக்கு என்னத்துக்கு?"

"படிவத்தில இருக்கு அக்கா, நிரப்பி அனுப்புங்கோ."

"கதை என்ன? இயக்குநர் ஆர்?"

"இப்ப சொல்ல ஏலாது."

திருகோணமலை லிங்கநகரில் அலுவலகம் திறந்திருப்பதாக முன்பு சொல்லியிருந்தார். மறுநாள் காலை போனேன். கேற்றில் பூட்டு. பக்கத்து வீட்டுப் பெண் மதிலுக்கு மேலால் சொன்னார்: "ரெண்டு பேர் கொம்பியூட்டரோட இருந்தவை. கமரா ஒண்டும் காணேல்லை. நேற்றுப் போயிட்டினம்." அதன்பிறகு அந்த மனிதரின் இலக்கம் வேலை செய்யவில்லை.

பதினேழு வீட்டுக்கும் திரும்பப் போய், "உங்கட படத்தை ஆரிட்டக் குடுத்தனான் எண்டு எனக்கே தெரியாது," என்று சொன்னேன். ஒருவர் சிரித்தார். இருவர் கதவைச் சாத்தினார்கள். கடைசியாகச் சாம்பல்தீவு.

"என்ர படத்தையும் அனுப்பினனீங்களோ?"

"இல்லை."

போனை வாங்கி, தன் மூன்று படங்களையும் தானே அழித்தார். அழிந்துவிட்டதா என்று இரண்டு தரம் பார்த்துவிட்டுத்தான் தந்தார்.

இதுவரை யாருக்கும் ஒன்றும் நடக்கவில்லை. அப்படி ஒரு படம் வந்ததாகவும் கேள்விப்படவில்லை. இப்போது யார் அழைத்தாலும், முதலில் நேரில் வந்து முகத்தைக் காட்டச் சொல்கிறேன். சிலர் கோபித்துக்கொண்டு வேறு ஆளைத் தேடுகிறார்கள். தேடட்டும். சல்லியில் அந்த இரண்டு வீடுகளும் இன்னும் என்னோடு கதைப்பதில்லை.