சிவப்புக் கூடையில் ஒரு ஞானி

ஓசூரிலிருந்து கிருஷ்ணகிரி போகும் காலைப் பேருந்தில், இரவு ஷிப்டு முடித்த சீருடையோடு ஒருவர் என் பக்கத்தில் உட்கார்ந்தார். முன்சீட்டுக் கம்பியில் கட்டைவிரலை ஓட்டிப் பார்த்தார். பிறகு என் டிபன் பாக்ஸ் மூடியிலும்.

“தப்பா நெனைக்காதீங்க சார். கம்பெனில பார்ட்ஸ் செக் பண்றவன். பிசிறு இருந்தா சிவப்புக் கூடைல போட்டுடுவேன்.”

நான் கல்லூரியில் தத்துவம் நடத்துகிறவன். மடியிலிருந்த புத்தகத்தைக் காட்டி அவரை அசத்தப் பார்த்தேன். “இவர் பழைய கிரேக்க ஞானி. கவிஞருங்க இல்லாததைக் கட்டிவிடுறவங்க, அவங்கள நல்ல ஊருக்குள்ள விடக்கூடாதுன்னு சொன்னவர்.”

“அதை எப்பிடி எழுதியிருக்காரு?”

“நாலு பேர் உட்கார்ந்து பேசுற மாதிரி. நடுவுல கதையும் வரும்.”

“அவங்க நெசமாலுமே பேசினாங்களா?”

“பெரும்பாலும் இவர் கற்பனைதான்.”

பேருந்தே திரும்பிப் பார்க்கும்படி சிரித்தார். “அப்ப இவரும் கவிஞருதானே சார்! இவரு அளவை இவரு மேலயே வெச்சிப் பாருங்க. மொத ரிஜெக்ட் இவருதான்!”

இருபது வருடமாக நான் நடத்திய பாடம் அங்கேயே கவிழ்ந்தது. எனக்கோ கைதட்ட வேண்டும் போலிருந்தது.

குருபரப்பள்ளியில் இறங்க எழுந்தவர், புத்தகத்தை வாங்கி விளிம்பில் விரலை ஓட்டித் திருப்பித் தந்தார். “ஆனா கூடைல போட்டுடாதீங்க சார். கதையா சொன்னதாலதான் இத்தனை காலம் தாங்கியிருக்குது.”

ஜெயித்தவர் நடையில் இறங்கிப் போனார். அந்தப் பாடத்தை இப்போது அவர் கேள்வியில்தான் தொடங்குகிறேன்.